மடியில் குழந்தை, முன் சீட்டில் ஏர்பேக்: வாடகைக் கார்களில் யாருக்கும் பொறுப்பில்லாத உயிர்கள்

திருத்தணிக்கு வரும் குழந்தைகளில் பலருக்கு அதுதான் முதல் நீண்ட கார் பயணம். மொட்டை அடிக்க, காது குத்த, நேர்த்திக்கடன் செலுத்த என்று குடும்பமே ஒரு வண்டி பேசிக் கிளம்புகிறது. சென்னையிலிருந்து சுமார் 85 கி.மீ. தரிசனம் முடிந்ததும் பலர் அப்படியே நகரி, புத்தூர் வழியாகத் திருப்பதிக்கும் போய்விடுகிறார்கள். திரும்பும்போது, சந்தனம் பூசிய மொட்டைத் தலையோடு குழந்தை அம்மாவின் மடியில் தூங்கிக்கொண்டிருக்கும். கொஞ்சம் பெரிய பிள்ளையாக இருந்தால், "வேடிக்கை பார்க்கணும்" என்று அடம்பிடித்து முன் சீட்டில் அப்பாவின் மடிக்குப் போயிருக்கும்.

பார்க்க அழகான காட்சி. ஆனால் கார் பயணத்தில் ஒரு குழந்தைக்கு இதைவிட ஆபத்தான இடம் வேறு இல்லை.

இது சும்மா பயமுறுத்தும் பேச்சு அல்ல. 2025-ல் செங்கல்பட்டு மாவட்டம் திருப்போரூர் அருகே, வாடகைக் காரின் முன் இருக்கையில் தந்தையின் மடியில் அமர்ந்து சென்ற 7 வயதுச் சிறுவன், முன்னால் சென்ற காருடன் மோதியபோது விரிந்த ஏர்பேக் தாக்கி உயிரிழந்தான். 2024 டிசம்பரில் நவி மும்பையின் வாஷியில் முன் சீட்டில் இருந்த 6 வயதுச் சிறுவனுக்கும் இதே முடிவு. அதே ஆண்டில் கேரளத்தின் மலப்புரம் மாவட்டத்தில், முன் இருக்கையில் தாயின் மடியில் இருந்த 2 வயதுப் பெண் குழந்தை இறந்ததும் ஏர்பேக் விரிந்தபோதுதான்.

மூன்று சம்பவங்களிலும் குழந்தை இருந்த இடம் ஒன்றுதான்: முன் இருக்கை. பெரியவர்களைக் காப்பதற்காக வைக்கப்பட்ட கருவியே குழந்தைகளின் உயிரைப் பறித்திருக்கிறது. ஏன் இப்படி? சட்டம் என்ன சொல்கிறது? வாடகைக் காரில் போகும் குடும்பம் நடைமுறையில் என்னதான் செய்ய முடியும்?

மடி ஏன் பாதுகாப்பு இல்லை?

"என் கையில இருக்கு, நான் விட்டுடுவேனா?" என்று எந்தத் தாயும் கேட்பார். பாசத்தில் குறை இல்லை. ஆனால் இங்கே கணக்கு வேறு.

ஒரு வயதுக் குழந்தையின் எடை சுமார் 10 கிலோ என்று வைத்துக்கொள்வோம். கார் 50 கி.மீ. வேகத்தில் போய்க்கொண்டிருக்கிறது. மோதலில் அந்த வேகம் ஒரு விநாடியில் பத்தில் ஒரு பங்கு நேரத்துக்குள் பூஜ்யமாகிறது. அந்தக் கணத்தில் குழந்தையைப் பிடித்து நிறுத்த, கிட்டத்தட்ட 140 கிலோ எடையைத் தாங்கும் விசை தேவை. அதாவது, 25 கிலோ அரிசி மூட்டைகள் ஐந்தரை. எவ்வளவு பலசாலியாக இருந்தாலும், முன்னறிவிப்பே இல்லாமல் அரைக் கணத்தில் அதைக் கையால் பிடிக்க முடியாது. குழந்தை கையை விட்டுப் பறந்தே தீரும்.

இன்னொரு விதமாகவும் பார்க்கலாம். 50 கி.மீ. வேகத்தில் மோதுவது, சுமார் 10 மீட்டர் உயரத்திலிருந்து, அதாவது மூன்று மாடி உயரத்திலிருந்து, கீழே விழுவதற்குச் சமம். திருப்பதி நெடுஞ்சாலையில் எந்த வண்டியும் 50-ல் போவதில்லை. வேகம் 80 ஆனால் மோதலின் ஆற்றல் இரண்டரை மடங்கு.

பெல்ட் போடாத பெரியவரின் மடியில் குழந்தை இருந்தால் நிலைமை இன்னும் மோசம். மோதலில் பெரியவரின் உடலும் முன்னால் பாயும். முன் சீட்டின் முதுகுக்கும் 60, 70 கிலோ எடைக்கும் நடுவே குழந்தை நசுங்கும். குழந்தையையும் சேர்த்து ஒரே பெல்ட்டை மாட்டிக்கொள்வதும் தவறு. அப்போது பெரியவரின் எடை முழுவதும் பெல்ட்டோடு சேர்த்துக் குழந்தையின் வயிற்றை அழுத்தும்.

ஏர்பேக் யாருக்காக?

முன் இருக்கைப் பயணிக்கான ஏர்பேக், சராசரி உயரமுள்ள, பெல்ட் அணிந்த, சீட்டில் நன்றாகச் சாய்ந்து அமர்ந்திருக்கும் பெரியவரை மனதில் வைத்து வடிவமைக்கப்பட்டது. மோதலை உணர்ந்ததும் கண் இமைக்கும் நேரத்துக்கும் குறைவான கணத்தில், மணிக்குச் சுமார் 300 கி.மீ. வேகத்தில் அது விரிகிறது. பெரியவருக்கு அது மார்பில் வந்து தாங்கும் மெத்தை. மடியில் இருக்கும் குழந்தைக்கோ, தலையும் கழுத்தும் டேஷ்போர்டுக்கு மிக அருகே இருக்கும். விரிந்து முடித்த மெத்தை அல்ல, விரிந்துகொண்டிருக்கும் பையே நேராக வந்து அடிக்கும்.

பத்து வருடங்களுக்கு முன்பு இந்தப் பிரச்சினை இந்த அளவு இல்லாததற்குக் காரணம் உண்டு. அப்போது டாக்ஸியாக ஓடிய பெரும்பாலான கார்களில் முன் பயணிக்கு ஏர்பேக்கே கிடையாது. 2019 ஜூலை முதல் ஓட்டுநருக்கான ஏர்பேக் கட்டாயமானது. முன் பயணிக்கான ஏர்பேக் 2021 ஏப்ரல் முதல் புதிய மாடல்களுக்கும், அந்த ஆண்டு இறுதியில் ஏற்கெனவே விற்பனையில் இருந்த மாடல்களுக்கும் கட்டாயமானது. அதற்குப் பிறகு வாங்கிய டாக்ஸிகள்தான் இப்போது சாலையில் பெருகிவருகின்றன. வண்டி மாறிவிட்டது. "சின்னப் பையன்தானே, முன்னாடி மடியில உட்கார வச்சுக்கலாம்" என்ற பழக்கம் மட்டும் மாறவில்லை.

இன்னொன்றும் கவனிக்க வேண்டியது. நம் ஊர் வாடகைக் கார்களில் டேஷ்போர்டின் மேல் ஒரு முருகனோ பிள்ளையாரோ கட்டாயம் இருப்பார். பயணியின் ஏர்பேக் விரிவது பெரும்பாலும் அந்த இடத்திலிருந்துதான். அங்கே ஒட்டிவைத்த கனமான சிலை, ஏர்பேக் விரியும்போது எறிகல்லாக மாறும். பக்தி இருக்கட்டும். சாமி படத்தை ஏர்பேக் மூடிக்கு மேலே இல்லாமல் வேறு இடத்தில் வைத்தால் போதும்.

சட்டம் என்ன சொல்கிறது?

பலருக்குத் தெரியாத செய்தி: இதற்குச் சட்டம் ஏற்கெனவே இருக்கிறது. 2019-ல் திருத்தப்பட்ட மோட்டார் வாகனச் சட்டத்தின் 194பி பிரிவு, 2019 செப்டம்பர் 1 முதல் நடைமுறையில் உள்ளது. அதில் இரண்டு பகுதிகள்.

முதல் பகுதி: சீட் பெல்ட் அணியாமல் ஓட்டினாலும், சீட் பெல்ட் அணியாத பயணிகளை ஏற்றிச் சென்றாலும் 1,000 ரூபாய் அபராதம்.

இரண்டாம் பகுதி: 14 வயது நிறையாத குழந்தையை, சீட் பெல்ட்டோ குழந்தைகளுக்கான பாதுகாப்பு இருக்கையோ இல்லாமல் வண்டியில் ஏற்றி ஓட்டினாலும், அப்படி ஓட்டச் செய்தாலும், ஓட்ட அனுமதித்தாலும் 1,000 ரூபாய் அபராதம்.

இந்தப் பகுதியில் "டாக்ஸிக்குப் பொருந்தாது" என்று எந்த வரியும் இல்லை. பின் சீட்டில் முன்னோக்கி அமர்பவர்களும் பெல்ட் அணிய வேண்டும் என்று மத்திய மோட்டார் வாகன விதி 138 ஏற்கெனவே சொல்கிறது. 2022 செப்டம்பர் 4-ம் தேதி, மகாராஷ்டிரத்தின் பால்கர் அருகே தொழிலதிபர் சைரஸ் மிஸ்திரி பின் சீட்டில் பெல்ட் அணியாமல் பயணித்து உயிரிழந்தபோது நாடு முழுவதும் இது பேசுபொருளானது. சில வாரங்கள் பேசினார்கள். பிறகு மறந்துபோனது.

சட்டத்தில் இரண்டு ஓட்டைகளும் இருக்கின்றன. ஒன்று, "பெல்ட் அல்லது பாதுகாப்பு இருக்கை" என்று பொதுவாகச் சொல்கிறது. 12 வயதுப் பிள்ளைக்குப் பெல்ட் போதும். 8 மாதக் குழந்தைக்குப் பெரியவர்களின் பெல்ட்டை மாட்டவே முடியாது. எந்த வயதுக்கு எது என்று அந்தப் பிரிவு பிரித்துச் சொல்லவில்லை. இரண்டு, குழந்தை முன் சீட்டில் உட்காரக் கூடாது என்றும் அதில் இல்லை. உயிர்கள் போனது அந்த இடத்தில்தான்.

இரு சக்கர வாகனங்களுக்கு நிலைமை கொஞ்சம் தெளிவு. நான்கு வயதுக்குக் கீழுள்ள குழந்தையை பைக்கில் ஏற்றினால் ஓட்டுநரோடு பிணைக்கும் பாதுகாப்புப் பட்டையும் ஹெல்மெட்டும் வேண்டும், வேகம் 40 கி.மீ.யைத் தாண்டக் கூடாது என்று 2022 பிப்ரவரியில் விதி வெளியாகி, ஓராண்டு கழித்து அமலுக்கு வந்தது. பைக்குக்கு இவ்வளவு விவரமாக எழுதத் தெரிந்தவர்கள் காருக்கு அந்தத் தெளிவைக் கொடுக்கவில்லை.

எண்கள் சொல்வது

மத்திய சாலைப் போக்குவரத்து அமைச்சகத்தின் அறிக்கைப்படி, 2022-ல் இந்தியச் சாலைகளில் இறந்தவர்கள் 1,68,491 பேர். அவர்களில் 18 வயதுக்குக் கீழ்ப்பட்டவர்கள் 9,528 பேர். ஒரு நாளைக்கு 26 பிள்ளைகள். நடந்து சென்றவர்கள், பைக்கில் சென்றவர்கள் எல்லோரும் இதில் அடக்கம். சீட் பெல்ட் அணியாததால் அதே ஆண்டில் இறந்தவர்கள் 16,715 பேர். அவர்களில் சரிபாதி, அதாவது 8,331 பேர், ஓட்டுநர்கள் அல்ல, பயணிகள்.

குழந்தைகளுக்கான பாதுகாப்பு இருக்கையைச் சரியாகப் பயன்படுத்தினால் மரணங்கள் சுமார் 60 சதவீதம் வரை குறையும் என்கிறது உலக சுகாதார நிறுவனம். சொந்தக் கார் வைத்திருக்கும் இளம் பெற்றோர் சிலர் இப்போது இதை வாங்கத் தொடங்கியிருக்கிறார்கள். 2023 அக்டோபரில் நடைமுறைக்கு வந்த 'பாரத் என்கேப்' மோதல் சோதனையில் குழந்தைப் பாதுகாப்புக்குத் தனி நட்சத்திரக் குறியீடு இருப்பதால், கார் வாங்கும்போதே அதைக் கேட்டுப் பார்ப்பவர்களும் உண்டு.

வாடகைக் காரில்தான் சிக்கல். வண்டி ஓட்டுநருடையது அல்லது முதலாளியுடையது. குழந்தை பயணியுடையது. பாதுகாப்பு யாருடையது?

யார் பொறுப்பு?

ஓட்டுநரைக் கேட்டால், "குழந்தை அவங்களுது சார், நான் சொன்னா கேப்பாங்களா? 'உன் வேலைய பாருப்பா'ன்னுதான் சொல்வாங்க" என்பார். பெற்றோரைக் கேட்டால், "வண்டியில பெல்ட்டே வேலை செய்யல, நாங்க என்ன பண்றது?" என்பார்கள். டிராவல்ஸ் நடத்துபவரோ, "சைல்டு சீட் வேணும்னு இதுவரைக்கும் ஒரு கஸ்டமர்கூடக் கேட்டதில்லை" என்பார்.

மூவர் சொல்வதிலும் உண்மை இருக்கிறது. அதனால்தான் இது நகராமல் கிடக்கிறது.

ஓட்டுநரின் கஷ்டத்தைக் குறைத்து மதிப்பிடக் கூடாது. சிஎன்ஜி சிலிண்டர் வைத்த வண்டியில் டிக்கியில் பாதி இடம் போய்விடும். மீதி இடத்தில் ஒரு குடும்பத்தின் பைகள். அதில் ஒரு குழந்தை இருக்கையை நாள் முழுவதும் எங்கே வைப்பது? கைக்குழந்தைக்கு ஒன்று, மூன்று வயதுக்கு இன்னொன்று, ஏழு வயதுக்கு வேறு ஒன்று என்று மூன்று விதம் தேவைப்படும். மாதத் தவணை கட்டவே திணறும் ஒருவர் தலையில் இதையும் கட்டுவது நியாயமல்ல.

ஆனால் ஓட்டுநரால் செலவே இல்லாமல் செய்யக்கூடிய ஒன்று உண்டு. பல டாக்ஸிகளில் பின் சீட்டுக்குப் போடும் ரெக்சின் கவர், பெல்ட் மாட்டும் கொக்கியை மூடி உள்ளே தள்ளிவிடுகிறது. பெல்ட் இருக்கும், மாட்ட இடம் இருக்காது. கவரில் அந்த இடத்தை வெட்டிக் கொக்கியை வெளியே எடுத்துவைக்க ஐந்து நிமிடம் போதும். பின் சீட் பெல்ட் உயிரோடு இருந்தால், மூன்று வயதுக்கு மேற்பட்ட பிள்ளைகளுக்குப் பாதி வேலை முடிந்தது.

மற்ற நாடுகளில் டாக்ஸிக்கு என்ன விதி?

"வெளிநாட்டுல எல்லா டாக்ஸியிலயும் சைல்டு சீட் இருக்கும்" என்று பலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை.

சிங்கப்பூரில் 1.35 மீட்டர் உயரத்துக்குக் குறைந்த குழந்தைக்கு உரிய இருக்கை கட்டாயம். ஆனால் சாலையில் கைகாட்டி நிறுத்தும் டாக்ஸிகளுக்கு விலக்கு உண்டு. செயலியில் பதிவு செய்யும் தனியார் வாடகைக் கார்களுக்கு விலக்கு கிடையாது. பிரிட்டனில், உரிமம் பெற்ற டாக்ஸியில் குழந்தை இருக்கை இல்லையென்றால் அது இல்லாமலே பயணிக்கலாம்; ஆனால் பின் சீட்டில் மட்டும். 3 வயதும் அதற்கு மேலும் என்றால் பெல்ட் கட்டாயம். நியூயார்க்கில் டாக்ஸிகளுக்கு விலக்கு இருந்தாலும், குழந்தை இருக்கையுடன் வரும் காரைக் கூடுதல் கட்டணம் கொடுத்துச் செயலியிலேயே வரவழைக்க முடிகிறது.

இதில் ஒரு வேடிக்கை இருக்கிறது. காகிதத்தில் பார்த்தால் டாக்ஸி விஷயத்தில் இந்தியச் சட்டம் சிங்கப்பூரைவிடக் கறார், விலக்கே தரவில்லை. நடைமுறையில் கேட்க ஆளே இல்லை. அந்த நாடுகளோ முடியாததை விலக்கிவிட்டு, முடிந்ததை விடாமல் பிடிக்கின்றன. பிரிட்டனின் "பின் சீட்டு மட்டும், மூன்று வயதிலிருந்து பெல்ட்" என்ற விதிக்கு ஒரு ரூபாய்கூடச் செலவில்லை. திருத்தணியில் நாளைக்கே அமல்படுத்தலாம்.

கேரளம் தடுக்கிய இடம்

பக்கத்து மாநிலத்தின் அனுபவத்தையும் பார்க்க வேண்டும். 2024 அக்டோபரில் கேரளப் போக்குவரத்து ஆணையர் ஓர் அறிவிப்பு வெளியிட்டார். 1 முதல் 4 வயது வரை பின் சீட்டில் குழந்தை இருக்கை. 4 முதல் 14 வயது வரை, 135 செ.மீ. உயரத்துக்குக் குறைந்தவர்களுக்கு உயர்த்தி உட்காரவைக்கும் பூஸ்டர் இருக்கை. அக்டோபரில் விழிப்புணர்வு, நவம்பரில் எச்சரிக்கை, டிசம்பரில் 1,000 ரூபாய் அபராதம் என்று படிப்படியான திட்டம். அறிவிப்பு வந்த சூட்டிலேயே எதிர்ப்புக் கிளம்ப, இப்போதைக்கு அமல் இல்லை என்று போக்குவரத்து அமைச்சரே சொல்லிவிட்டார்.

பொருள் கைக்குக் கிடைக்க வழி செய்யாமல் அபராதத் தேதியை முதலில் குறித்தால் இதுதான் நடக்கும். "பணம் பறிக்க ஒரு புது வழி" என்று மக்கள் முடிவு கட்டிவிடுவார்கள். தமிழ்நாடு இதிலிருந்து எடுத்துக்கொள்ள வேண்டிய பாடம், திட்டத்தைக் கைவிடுவது அல்ல, வரிசையை மாற்றுவது. முதலில் செலவில்லாத விதி, அடுத்து வாடகைக்குக் கிடைக்கும் வசதி, கடைசியில் அபராதம்.

திருத்தணியில் என்ன செய்யலாம்?

இந்த வரிசையைத் தொடங்கத் திருத்தணியைவிடப் பொருத்தமான ஊர் இல்லை. ஆடிக் கிருத்திகைக்கும் டிசம்பர் 31 படித் திருவிழாவுக்கும் கூட்டம் அலைமோதும். அறுபடை வீடுகளில் ஒன்று என்பதால் மற்ற நாட்களிலும் குழந்தைகளோடு குடும்பங்கள் வந்துகொண்டே இருக்கின்றன. மலைக்கு 365 படிகள் ஏறிப் போகலாம். கார்களோ ஒரே மலைப்பாதையில்தான் ஏறியாக வேண்டும். எல்லா வாடகை வண்டியும் ஒரே இடத்தைக் கடக்கிற ஊரில், சொல்ல வேண்டியதைச் சொல்வது சுலபம்.

மலையடிவாரத்தில் வண்டியை நிறுத்தி, "குழந்தை பின்னாடி, பெல்ட் போடுங்க" என்று சொல்ல ஒரு காவலரும் ஒரு பலகையும் போதும். தமிழிலும் தெலுங்கிலும் எழுதிவைக்க வேண்டும். மலையேற்றத்தில் வேகம் குறைவு என்றாலும், அங்கே போட்ட பெல்ட்தான் இறங்கி நெடுஞ்சாலைக்குப் போகும்போதும் போடத் தோன்றும்.

அடுத்து, வாடகை வசதி. கோயில்களில் செருப்பு பாதுகாக்க, பைகளை வைக்க ஏற்பாடு செய்யத் தெரியும். அதே மாதிரி, பேருந்து நிலையம், ரயில் நிலையம், அடிவாரம் ஆகிய இடங்களில் முன்பணம் வாங்கிக்கொண்டு குழந்தை இருக்கையை நாள் வாடகைக்குத் தரும் ஒரு கவுன்டரை இந்து சமய அறநிலையத் துறையும் மாவட்ட நிர்வாகமும் சோதனை முறையில் தொடங்கலாம். தனி ஓட்டுநரால் வாங்க முடியாததை, ஒரு ஸ்டாண்டில் இருக்கும் ஓட்டுநர்கள் சேர்ந்து இரண்டு, மூன்று என்று வாங்கிப் பொதுவில் வைத்துக்கொள்ளலாம். "குழந்தை சீட் இருக்கு" என்று கண்ணாடியில் ஒட்டிய வண்டியை இளம் பெற்றோர் தேடி வருவார்கள். அது வியாபாரமும்கூட.

போக்குவரத்துத் துறைக்கு ஒரே ஒரு வேலை. டாக்ஸி எஃப்.சி.க்கு வரும்போது விளக்கு, பிரேக், டயர் பார்ப்பதைப் போல, பின் சீட்டின் எல்லா பெல்ட்டும் இழுத்தால் வருகிறதா, கொக்கியில் மாட்டுகிறதா என்று ஆய்வாளர் கையால் இழுத்துப் பார்க்க வேண்டும். மாட்டவில்லை என்றால் சான்றிதழ் இல்லை. பயணப் பதிவுச் செயலிகளும், "குழந்தை உடன் வருகிறதா?" என்று ஒரு கேள்வியைச் சேர்ப்பதில் பெரிய சிரமம் இல்லை.

மாநில எல்லை ஒரு சாக்காகவும் ஆகக் கூடாது. ம.பொ.சி. போன்றோர் நடத்திய எல்லைப் போராட்டத்துக்குப் பின் 1960 ஏப்ரல் 1-ல் திருத்தணி தமிழகத்தோடு இணைந்தது. அந்தக் கோட்டைத் தாண்டினால் பெர்மிட் மாறும், வரி மாறும். 194பி மாறாது, அது மத்திய சட்டம். திருவள்ளூர் காவல் துறையும் எல்லைக்கு அப்பால் உள்ள ஆந்திரக் காவல் துறையும் திருவிழா நாட்களில் ஒரே அறிவுரையைச் சொன்னால் பயணிக்குக் குழப்பம் இருக்காது.

வண்டி பேசும்போது என்ன கேட்க வேண்டும்?

அரசு செய்யும்வரை காத்திருக்க முடியாதவர்களுக்குச் சில நடைமுறை வழிகள்.

• முன்பதிவின்போதே கேளுங்கள். "பின் சீட்டுல எல்லா பெல்ட்டும் வேலை செய்யுதா அண்ணே?" ஒரு கேள்விதான். ஏசி இருக்கா, கேரியர் இருக்கா என்று கேட்பதோடு இதையும் கேட்டால், கேட்க ஆள் இருக்கிறது என்று டிராவல்ஸ்காரருக்குத் தெரியும்.

• தலை எண்ணி வண்டி பேசுங்கள். நான்கு பயணிகளுக்கான காரில் ஆறு பேரும் இரண்டு பிள்ளைகளும் ஏறினால், மடிதான் மிச்சம். பிள்ளைக்கும் ஒரு சீட் என்று கணக்கிட்டு ஏழு பேர் வண்டி எடுங்கள்.

• 12 வயது வரை பின் சீட்தான். முன் சீட்டில் மடியில் வைப்பது எந்த நிலையிலும் கூடாது, "இதோ பக்கத்துலதானே" என்ற தூரத்துக்கும்.

• கைக்குழந்தை என்றால் இருக்கையை நீங்களே கொண்டுபோங்கள். பின்னோக்கி அமரும் குழந்தை இருக்கைகளில் பலவற்றைச் சாதாரண சீட் பெல்ட்டாலேயே கட்ட முடியும். ஐசோஃபிக்ஸ் கொக்கி இல்லாத பழைய டாக்ஸியிலும் பொருந்தும். விலை சில ஆயிரம் ரூபாயிலிருந்து தொடங்குகிறது, உறவினர்களுக்குள் கைமாற்றிக்கொள்ளலாம். விபத்தில் சிக்கிய பழைய இருக்கையை மட்டும் வாங்கக் கூடாது. அதை முன் சீட்டில் ஏர்பேக் எதிரே வைக்கவும் கூடாது. குறைந்தது இரண்டு வயது வரை பின்னோக்கிப் பார்த்து அமர்வதே கழுத்துக்குப் பாதுகாப்பு.

• நான்கு வயதுக்கு மேல் பூஸ்டர். எடை குறைவு, கையில் எடுத்துப் போகலாம். பெல்ட்டின் கீழ்ப்பட்டை வயிற்றில் அல்ல, இடுப்பு எலும்பும் தொடையும் சேரும் இடத்தில் படிய வேண்டும். மேல்பட்டை கழுத்தை அறுக்காமல் தோளில் போக வேண்டும். உறுத்துகிறது என்று அதைக் கை இடுக்குக்குக் கீழே விடக் கூடாது.

• எதுவுமே இல்லை என்றால்? மூன்று வயதுக்கு மேற்பட்ட பிள்ளையைப் பின் சீட்டில் தனியாக உட்காரவைத்துப் பெல்ட் போடுங்கள். கைக்குழந்தை என்றால், பெரியவர் பின் சீட்டில் பெல்ட் அணிந்து, பெல்ட்டுக்கு வெளியே குழந்தையைப் பிடித்துக்கொள்ளலாம். இது பாதுகாப்பு அல்ல. உள்ளதில் குறைந்த ஆபத்து, அவ்வளவுதான். வேகத்தைக் குறைக்கச் சொல்லுங்கள். நீண்ட தூரம் என்றால் ரயிலை யோசியுங்கள். சென்னையிலிருந்து திருத்தணிக்கு மின்சார ரயிலே ஓடுகிறது.

• தளர்வான பொருட்களைக் கட்டுங்கள். பால்குடம், பித்தளைச் சொம்பு, தேங்காய்ப் பை எல்லாம் டிக்கிக்குப் போகட்டும். பின் சீட்டுக்கு மேல் உள்ள தட்டில் வைத்த சொம்பு, மோதலில் பிள்ளையின் தலைக்குத்தான் வரும்.

• கதவில் சைல்டு லாக் போடச் சொல்லுங்கள். சன்ரூஃபிலும் ஜன்னலிலும் தலையை நீட்ட விடக் கூடாது.

• நிறுத்திய காரில் குழந்தையை விடாதீர்கள். கோடையில் வானிலை ஆய்வு மையத்தின் சத வெயில் பட்டியலில் திருத்தணி அடிக்கடி இடம்பெறும். வெயிலில் மூடிய காருக்குள் பத்தே நிமிடத்தில் வெப்பம் சுமார் 10 டிகிரி செல்சியஸ் கூடிவிடும். குழந்தையின் உடல் பெரியவர்களைவிடப் பல மடங்கு வேகமாகச் சூடாகும். "தூங்குது, எழுப்ப வேணாம், டிரைவர் இருக்காரு" என்று விட்டுப்போனால், டிரைவர் டீ குடிக்கப் போகமாட்டார் என்பதற்கு உத்தரவாதம் இல்லை.

• இரவோடு இரவாகத் திரும்புவதைத் தவிருங்கள். அதிகாலை கிளம்பி, இரண்டு கோயில் பார்த்து, நள்ளிரவில் வீடு திரும்பும் திட்டத்தில் தூங்காமல் இருப்பவர் ஒருவர் மட்டும்தான்: ஓட்டுநர். அவருக்கும் ஓய்வு தேவை.

அழுதால் என்ன செய்வது?

பெற்றோரின் உண்மையான பயம் இதுதான். "சீட்டுல போட்டா அழுவான், மடியிலதான் தூங்குவான்." பழகாத குழந்தை முதல் சில பயணங்களில் அழத்தான் செய்யும். பயணத்தன்று திடீரென்று கட்டினால் அழுகை அதிகம். ஒரு வாரம் முன்பே இருக்கையை வீட்டுக் கூடத்தில் வைத்து உட்காரவைத்துப் பழக்கினால் பாதி குறையும். ஒரு மணி நேரத்துக்கு ஒருமுறை வண்டியை நிறுத்தி, இறக்கி, பால் கொடுத்து, மறுபடி கட்டலாம். ஓடும் வண்டியில் அவிழ்த்து மடிக்கு எடுப்பது மட்டும் வேண்டாம். தடுப்பூசி போடும்போதும் குழந்தை அழுகிறது. அதற்காக யாரும் ஊசியைத் தள்ளிவைப்பதில்லை.

வீட்டில் தாத்தா, பாட்டி, "உங்களையெல்லாம் மடியில வச்சுத்தானே வளர்த்தோம், என்ன ஆச்சு?" என்று கேட்பார்கள். அன்றைய சாலையும் வேகமும் வேறு. இன்று நான்கு வழிச் சாலையில் ஏர்பேக் வைத்த வண்டியில் போகும்போது பழைய கணக்கு செல்லாது என்று பொறுமையாகச் சொல்லிப் புரியவைக்க வேண்டியதுதான்.

முன் சீட்டில் பெரியவர்கள் பெல்ட் போடுவதே ஒரு காலத்தில் கேலிக்குரியதாக இருந்தது. இன்று வண்டியில் ஏறியதும் கை தானாகப் பெல்ட்டைத் தேடுகிறது. அபராதமும் பழக்கமும் சேர்ந்து செய்த மாற்றம் அது. குழந்தைகள் விஷயத்தில் அந்த மாற்றம் இன்னும் தொடங்கவில்லை. தொடங்குவதற்குப் புதிய சட்டமோ பெரிய பட்ஜெட்டோ வேண்டாம். பின் சீட்டு, வேலை செய்யும் ஒரு பெல்ட், வண்டி பேசும்போது ஒரு கேள்வி. அடுத்த ஆடிக் கிருத்திகைக்குள் அடிவாரத்தில் அந்தப் பலகையை வைப்பது மாவட்ட நிர்வாகத்தின் கையில் இருக்கிறது. அதற்கு முன்பே பிள்ளையைப் பின் சீட்டுக்கு மாற்றுவது ஒவ்வொரு குடும்பத்தின் கையிலும் இருக்கிறது.